விடுதிக்காரர் வேடத்துக்கு எப்போதும் ஒரே ஆள் ஏன்? மைக்கேல் ரிப்பரும் பிரிட்டிஷ் சினிமாச் சட்டங்களும்

பழைய பிரிட்டிஷ் பேய்ப் படங்களை ஒன்றன்பின் ஒன்றாகப் பார்க்கிறவர்களுக்கு ஒரு கட்டத்தில் குழப்பம் வந்துவிடும். 1968-ல் வெளியான டிராகுலா படத்தில் சாப்பாட்டுக்கடை நடத்தும் மனிதர், 1970-ல் வந்த அடுத்த டிராகுலா படத்தில் போலீஸ் இன்ஸ்பெக்டராக வருகிறார். அதே வருடம் வந்த இன்னொரு டிராகுலா படத்தில் மறுபடி விடுதிக்காரர். பத்து வருடம் பின்னால் போய் 1960-ல் வந்த படத்தைப் போட்டால், அங்கே கோச்சு என்ற குதிரை வண்டி ஓட்டிக்கொண்டிருக்கிறார். தொடர் படங்கள் என்கிறார்கள், அப்படியானால் இவர் யார்? ஒரே பாத்திரமா, அண்ணன் தம்பியா?

இரண்டும் இல்லை. அவர் பெயர் மைக்கேல் ரிப்பர். 1913-ல் போர்ட்ஸ்மத் நகரில் பிறந்து 2000-ல் இறந்தவர். இந்தப் பேய்ப் படங்களை எடுத்த ஹாமர் நிறுவனத்தின் படங்களில் முப்பதுக்கும் மேற்பட்டவற்றில் நடித்திருக்கிறார். அந்தப் படங்களின் நட்சத்திரங்களான கிறிஸ்டோபர் லீயும் பீட்டர் குஷிங்கும்கூட ஹாமருக்கு அத்தனை படங்கள் செய்யவில்லை. ஆனாலும் பேய்ப்பட ரசிகர்களைத் தாண்டி அவர் பெயரைச் சொன்னால் யாருக்கும் தெரியாது.

திறமை கவனிக்கப்படாமல் போன சோகக்கதையாக இதைச் சொல்லிவிடுவது சுலபம். எனக்கு அது சரியாகப் படவில்லை. ரிப்பருக்கு ஐம்பது வருடங்களுக்கு மேல் வேலை கிடைத்ததற்கும், அவர் பெயர் வெளியே தெரியாமல் போனதற்கும் காரணம் ஒன்றேதான்: பிரிட்டிஷ் அரசு சினிமாவுக்குப் போட்ட சட்டங்களும், அந்தச் சட்டங்களுக்குள் படம் எடுத்துப் பிழைத்த சின்ன கம்பெனிகளின் கணக்கும்.

முதலில், என்ன மாதிரி நடிகர் என்பது

நட்சத்திரங்களை விட்டுவிட்டுப் பார்த்தால், ஒரு படத்தின் நடிகர்களை மூன்று வகையாகப் பிரிக்கலாம்.

1. கூட்டத்தில் நிற்பவர்கள். வசனம் கிடையாது, டைட்டில் கார்டில் பெயரும் வராது.
2. ஓரிரு வரி பேசிவிட்டுப் போகிறவர்கள். கதவைத் திறப்பார்கள், தந்தி கொடுப்பார்கள். பெயர் வந்தாலும் வரும், வராமலும் போகும்.
3. இரண்டு மூன்று சீன்களுக்கு வந்து, கதைக்குத் தேவையான ஒரு காரியத்தை முடித்துக் கொடுப்பவர்கள். குணச்சித்திர நடிகர் என்று நாம் சொல்வது இவர்களைத்தான்.

ரிப்பர் தொழில் தொடங்கியது இரண்டாவது வகையில். பெரும்பகுதி வாழ்ந்தது மூன்றாவதில். அபூர்வமாகச் சில படங்களில் மட்டும் அதற்கு மேலே ஏறினார்.

1927 சட்டம்: கட்டாயத்துக்குப் பிறந்த படங்கள்

1920-களின் நடுவில் பிரிட்டிஷ் தியேட்டர்களில் ஓடிய படங்களில் உள்நாட்டுப் படங்கள் நூற்றுக்கு ஐந்து என்ற அளவில்தான் இருந்தன. மற்றதெல்லாம் பெரும்பாலும் ஹாலிவுட். இதைச் சமாளிக்க 1927-ல் சினிமாட்டோகிராஃப் ஃபிலிம்ஸ் சட்டம் வந்தது. விநியோகஸ்தர்கள் தாங்கள் வெளியிடும் படங்களில் 7.5 சதவீதம், தியேட்டர்காரர்கள் தாங்கள் திரையிடுவதில் 5 சதவீதம் பிரிட்டிஷ் படங்களாக வைத்திருக்க வேண்டும். இந்த அளவு படிப்படியாக உயர்ந்து, 1930-களின் நடுவில் 20 சதவீதத்தைத் தொட்டது.

பிரிட்டிஷ் படம் என்றால் எது என்பதையும் சட்டமே சொன்னது. பேரரசுக்குள் எங்கே எடுத்திருந்தாலும் சரி. அந்தக் கணக்கில் இந்தியாவும் சேர்த்தி. சம்பளத்தில் 75 சதவீதம் பிரிட்டிஷ் குடிமக்களுக்குப் போயிருக்க வேண்டும். படம் நன்றாக இருக்க வேண்டும் என்று மட்டும் எங்கேயும் எழுதவில்லை.

லண்டனில் கிளை வைத்திருந்த அமெரிக்க கம்பெனிகள் அந்த ஓட்டையைச் சரியாகப் பிடித்துக்கொண்டன. தங்கள் ஹாலிவுட் படங்களை வெளியிட வேண்டுமானால் கூடவே சில பிரிட்டிஷ் படங்களும் கையில் இருக்க வேண்டும், அவ்வளவுதானே? சின்னத் தயாரிப்பாளர்களைக் கூப்பிட்டு, ஃபிலிம் அடிக்கு ஒரு பவுண்டு என்று விலை பேசினார்கள். 6,000 அடி என்றால் 6,000 பவுண்டு. ஓடும் நேரம் ஒரு மணிக்குக் கொஞ்சம் மேல். இப்படி வந்தவற்றுக்குக் கோட்டா குவிக்கி, அதாவது கோட்டாவை நிரப்ப அவசரத்தில் எடுத்த படம், என்று பெயர் விழுந்தது. காலையில் தியேட்டரைக் கூட்டிப் பெருக்கும் பெண்கள் மட்டுமே பார்க்கிற நேரத்தில் இவற்றை ஓட்டிக் கணக்குக் காட்டினார்கள் என்று அந்தக் காலத்தில் கிண்டல் உண்டு.

கிண்டல் நியாயமானதுதான். ஆனால் நடிகர் பக்கம் நின்று பார்த்தால் கதை வேறு. நிறையப் படம் என்றால் நிறைய வேடம். மேடை நடிகர்கள் பகலில் ஸ்டூடியோவில் நின்றுவிட்டு இரவு நாடகத்துக்கு ஓடினார்கள். இயக்குநர் மைக்கேல் பவல் தொழில் பழகியது இந்தப் படங்களில்தான். ஹாலிவுட்டுக்குப் போவதற்கு முன் எரல் ஃப்ளின் டெடிங்டன் ஸ்டூடியோவில் நடித்ததும் இந்த வகைப் படத்தில்தான். பவலுக்கும் ஃப்ளின்னுக்கும் இது ஏணிப்படி. அதே 1930-களின் நடுவில் உள்ளே வந்த இளைஞர் ரிப்பருக்கு இது தொழிற்பள்ளி. ஒரே டேக்கில் முடிப்பது, வெளிச்சம் எங்கே விழுகிறதோ அங்கே தானாகப் போய் நிற்பது, பாத்திரத்தை விளக்கச் சொல்லி யாருடைய நேரத்தையும் வாங்காமல் இருப்பது எல்லாம் பழகியது இங்கேதான்.

1938-ல் சட்டத்தைத் திருத்தினார்கள். ஒரு படத்துக்குக் கூலிச் செலவு குறைந்தது 7,500 பவுண்டாவது இருக்க வேண்டும் என்று விதி வந்ததும் அடிமாட்டு விலைப் படங்கள் வற்றிப்போயின. அப்புறம் போர்.

ஒரு அறுவை சிகிச்சை

போருக்குப் பிறகும் ரிப்பர் முதன்மையாக மேடைக்காரராகவே இருந்திருக்கலாம். 1952-ல் தைராய்டு அறுவை சிகிச்சை நடந்தது. அதன் பிறகு அரங்கின் கடைசி வரிசை வரை குரலை எறிய அவரால் முடியவில்லை. மைக் கிடையாத நாடக மேடையில் குரல் போனால் பிழைப்பும் போயிற்று.

சினிமாவில் நிலைமை தலைகீழ். தலைக்கு மேலே தொங்கும் மைக்குக்கு அந்தக் குரல் தாராளமாகப் போதும். கொஞ்சம் கரகரத்து, எப்போதும் எதையோ கண்டு பயந்திருப்பவர் போல ஒலித்த குரல். கூடவே பெரிய கண்கள், சுருக்கம் விழுந்த முகம். வேறு வழியில்லாமல் முழுநேர சினிமா நடிகரானவர் அவர். 1955-ல் லாரன்ஸ் ஒலிவியர் எடுத்த 'மூன்றாம் ரிச்சர்ட்' படத்தில் இரண்டு கொலையாளிகளில் ஒருவராக வருகிறார். செயின்ட் டிரினியன்ஸ் நகைச்சுவைப் படங்கள் நான்கில் நடித்திருக்கிறார். அவற்றில் மூன்றில் லிஃப்ட் இயக்குபவர்.

இரண்டாவது சட்டம்: டிக்கெட்டிலிருந்து வந்த பணம்

போருக்குப் பின் ஹாலிவுட் பயம் மறுபடி வந்தது. 1948-ல் முதன்மைப் படங்களுக்கான கோட்டாவை 45 சதவீதமாக உயர்த்தினார்கள். அந்த அளவுக்குப் படம் எடுக்க உள்ளூரில் ஆளும் இல்லை, பணமும் இல்லை. 1950-க்குள் 30-க்கு இறக்கிவிட்டார்கள்.

அதைவிட வேலை செய்தது ஈடி லெவி என்ற டிக்கெட் வரி. 1950-ல் தொழில்துறை தானாக ஒப்புக்கொண்ட ஏற்பாடாகத் தொடங்கி, 1957-ல் சட்டமானது. அது இயங்கிய விதம் இப்படி:

1. விற்கும் டிக்கெட்டில் ஒரு சிறு தொகை தனியாக எடுக்கப்படும்.
2. அதில் பாதி தியேட்டர்காரருக்கு. மீதிப் பாதி ஒரு பொது நிதிக்கு.
3. அந்த நிதி பிரிட்டிஷ் படங்களுக்கு, உள்நாட்டு வசூலின் விகிதத்தில், பிரித்துக் கொடுக்கப்படும்.

மூன்றாவது விதியைக் கவனியுங்கள். கலைப்படமா, தரமான படமா என்று யாரும் கேட்கவில்லை. அதிகம் ஓடியதற்கு அதிகப் பணம். விமர்சகர்கள் முகம் சுளித்த, கூட்டம் மட்டும் முண்டியடித்த பேய்ப் படங்களுக்கு இதைவிட நல்ல சட்டம் வேறு வேண்டாம்.

பிரிட்டிஷ் படம் என்று பதிவு வாங்க, இந்தக் காலத்திலும், கூலியில் பெரும்பங்கு உள்நாட்டவருக்குப் போக வேண்டும். ஓரிரு வெளிநாட்டவரின் சம்பளத்தைக் கணக்கிலிருந்து விலக்கிக்கொள்ளலாம். ஆகவே அமெரிக்க முதலாளி பணம் போட்டாலும், வேண்டுமானால் ஒரு அமெரிக்க முகத்தைக் கூட்டி வரலாம், அதற்குக் கீழே உள்ள அத்தனை வேடமும் லண்டன்காரர்களுக்கு. கோச்சு வண்டிக்காரர், கல்லறை தோண்டுபவர், இன்ஸ்பெக்டர், விடுதிக்காரர் எல்லாருக்கும் நடைமுறையில் சட்டமே வேலை ஒதுக்கிவிட்டது. ரிப்பரின் பிழைப்பு நின்றது இந்த இடத்தில்தான்.

ஹாமரின் கணக்கு

ஹாமர் 1934-ல் தொடங்கிய கம்பெனி. வில்லியம் ஹிண்ட்ஸ் என்ற வணிகர் மேடைக்காக வைத்துக்கொண்ட வில் ஹாமர் என்ற பெயரிலிருந்து கம்பெனியின் பெயர் வந்தது. 1951 முதல் விண்ட்சர் அருகே தேம்ஸ் கரையில் பிரே என்ற இடத்தில், ஒரு பழைய மாளிகையையே ஸ்டூடியோ ஆக்கிக்கொண்டார்கள். 1957-ல் ஃபிராங்கன்ஸ்டைன் படம் ஏறத்தாழ 65,000 பவுண்டில் எடுக்கப்பட்டு உலகம் முழுக்க ஓடியது. அடுத்த வருடம் டிராகுலா. அதற்குப் பிறகு பத்துப் பன்னிரண்டு வருடம் இதே பாதைதான்.

செலவைக் குறைக்க அவர்கள் கையாண்ட வழிகள் ரிப்பரை ஏன் திரும்பத் திரும்பக் கூப்பிட்டார்கள் என்பதைச் சொல்லிவிடும்.

1. செட்டை வீணாக்க மாட்டார்கள். ஸ்பானிய மதவிசாரணை பற்றிய ஒரு படத்துக்காகப் போட்ட செட், அந்தப் படம் கைவிடப்பட்டதும், 1961-ல் வந்த ஓநாய் மனிதன் படத்துக்குப் போனது. கதையை ஸ்பெயினுக்கு மாற்றிவிட்டார்கள், அவ்வளவுதான். அதில் சிறைக்குள் ஓநாய் மனிதனிடம் மாட்டிச் சாகும் கிழட்டுக் குடிகாரர், ரிப்பர்.

2. இரண்டு படங்களை இடைவெளி விடாமல் அடுத்தடுத்து எடுப்பார்கள். 1966-ல் வெளியான 'தி பிளேக் ஆஃப் தி ஸாம்பீஸ்', 'தி ரெப்டைல்' இரண்டும் பிரேயில் போட்ட ஒரே கார்ன்வால் கிராம செட்டில், ஒரே இயக்குநர் ஜான் கில்லிங் எடுத்தவை. முதல் படத்தில் ரிப்பர் அந்தக் கிராமத்தின் போலீஸ் சார்ஜென்ட். அடுத்ததில் அதே தெருவில் விடுதி நடத்துகிறார்.

3. நாள் கணக்கு இறுக்கமானது. ஐந்தாறு வாரத்தில் படம் முடிய வேண்டும். ஒரு சின்ன வேடக்காரர் வசனத்தைத் தடுமாறி அரை நாள் வீணானால், அவருக்குக் கொடுக்கும் சம்பளத்தைவிட அந்த அரை நாள் செலவு அதிகம். சோதித்துப் பார்க்கத் தேவையில்லாத ஆள்தான் மலிவான ஆள். தயாரிப்பாளர் ஆன்டனி ஹிண்ட்ஸுக்கு ரிப்பரை நன்றாகத் தெரியும்; ஜான் எல்டர் என்ற புனைபெயரில் பல ஹாமர் படங்களுக்குத் திரைக்கதை எழுதியவரும் அதே ஹிண்ட்ஸ்தான்.

அப்படியானால் ரசிகர்களுக்கு முகம் அடையாளம் தெரியாதா? தெரியும். ஆனால் அன்று வீட்டில் கேசட் கிடையாது. ஒரு படத்தைப் பார்த்தவர் அடுத்ததைப் பார்க்க மாதக்கணக்கில் ஆகும். இன்று ஒரே ராத்திரியில் மூன்று படம் பார்ப்பதால்தான் நமக்கு இது விசித்திரமாகத் தெரிகிறது. அன்றைய பார்வையாளருக்கு எங்கேயோ பார்த்த மாதிரி இருந்தது. அந்த அளவு பரிச்சயம் கம்பெனிக்கு லாபம்தான்.

இரண்டு சீனில் என்ன செய்தார்

பேய்ப் படத்து விடுதிக்காரருக்கு ஒரு நிரந்தரக் கடமை உண்டு. வெளியூர் நாயகன் கோட்டைக்கு வழி கேட்பான். கடையில் எல்லாரும் சட்டென்று மௌனமாவார்கள். இவர் டம்ளரைத் துடைத்துக்கொண்டே, அங்கே போகாதீர்கள் என்பார். பயத்தை முதலில் கொண்டுவருவது இவர். டிராகுலா திரையில் வருவதற்கு முன்பே அவன் இருக்கிறான் என்று நம்மை நம்பவைப்பவர். இதை ரிப்பர் மிகையாகச் செய்ய மாட்டார். பாதி வாக்கியத்தில் நிறுத்திவிட்டுக் கதவைப் பார்ப்பார், அது போதும்.

அதைத் தாண்டிப் போன வேடங்கள் மூன்று.

'தி ரெப்டைல்' படத்தின் டாம் பெய்லி விடுதிக்காரர்தான், ஆனால் மௌனமாக இருக்க மறுக்கிற விடுதிக்காரர். அண்ணன் எப்படிச் செத்தான் என்று கேட்டு வந்த நாயகனோடு சேர்ந்து ராத்திரியில் கல்லறை தோண்டப் போகிறார். ஊரில் உருப்படியாக யோசிக்கிற ஒரே ஆள் அவர்தான் என்று படம் பாதியில் நமக்கே தோன்றிவிடும்.

1962-ல் வந்த 'கேப்டன் கிளெக்' பேய்ப் படமே அல்ல, கடத்தல்காரர் கதை. கெண்ட் கடற்கரைச் சதுப்பு நிலத்தில் பாதிரியாராக வேடமிட்டு வாழும் பழைய கடற்கொள்ளைத் தலைவன் பீட்டர் குஷிங். அவனுக்கு வலதுகையாக இருந்துகொண்டு ஊருக்குச் சவப்பெட்டி செய்து கொடுக்கும் மிப்ஸ், ரிப்பர். பகலில் கேலி பேசும் தச்சர், இரவில் சரக்குக் கடத்துபவர். முடிவில் தலைவனின் உடலைத் தூக்கிக்கொண்டு நடக்கும் காட்சியில் குஷிங்குக்கு நடிக்க எதுவும் இல்லை. படத்தின் மொத்த துக்கமும் ரிப்பரின் முகத்தில்.

என்னுடைய தேர்வு 'தி மம்மீஸ் ஷ்ரவுட்', 1967. படம் சுமார்தான், இதே மம்மிக் கதையை ஹாமரே முன்பு நன்றாகச் செய்திருக்கிறது. ரிப்பர் இதில் லாங்பாரோ: அகம்பாவம் பிடித்த ஒரு பணக்காரரின் கையாள். எகிப்துக்கு இழுத்து வரப்பட்டு, ஊர் திரும்ப ஏங்கி, முதலாளியின் ஏச்சை எல்லாம் பல்லைக் கடித்துக்கொண்டு கேட்டுக்கொள்ளும் மனிதர். கண்ணாடி இல்லாவிட்டால் பார்வை தெரியாது. கடைசியில் அந்தக் கண்ணாடியும் உடைந்து, எதிரே நிற்பது மம்மி என்பது மங்கலாகக்கூடத் தெரியாமல் சாகிறார். மற்றவர்கள் செத்தபோது திடுக்கிட்ட பார்வையாளர், இவர் சாகும்போது பரிதாபப்படுகிறார். பிரே ஸ்டூடியோவில் ஹாமர் எடுத்த கடைசிப் படமும் இதுதான்.

எல்லா வேடத்தையும் பாராட்ட முடியாது. 1964-ல் ஒரு மம்மிப் படத்தில் அஹ்மத் என்ற எகிப்தியர். 1965-ல், மலாயாவில் ஜப்பானியர் நடத்திய கைதி முகாமைப் பற்றிய 'தி சீக்ரெட் ஆஃப் பிளட் ஐலண்ட்' படத்தில் ஜப்பானிய லெப்டினன்ட். மேக்கப் போட்ட வெள்ளைக்காரர்கள் ஆசியர்களாக நடிப்பது அன்று சாதாரணம். இன்று பார்க்க முடியவில்லை. தெரிந்த ஆளையே எல்லாவற்றுக்கும் போட்டால் செலவு மிச்சம் என்ற அதே கணக்கின் மோசமான முகம் இது. கம்பெனிக்குப் பழக்கமான நாலு முகங்களுக்குள் ஆசிய நடிகருக்கு இடம் இல்லாமல் போனது.

பணம் வற்றியபோது

1968-ல் ஏற்றுமதி வருமானத்துக்காக ஹாமருக்கு அரசியின் தொழில் விருது கிடைத்தது. பைன்வுட் ஸ்டூடியோவில், ரிப்பரும் நடித்த டிராகுலா படத்தின் ஷூட்டிங் நடக்கும்போது அதைக் கொண்டுவந்து கொடுத்தார்கள். உச்சம் அதுதான். அந்தப் பத்தாண்டு முடிவதற்குள் அமெரிக்க ஸ்டூடியோக்கள் சொந்த ஊரிலேயே நஷ்டத்தில் மூழ்கி, பிரிட்டனில் போட்ட பணத்தைத் திரும்ப எடுக்கத் தொடங்கின. முதலீடு போனதும் சின்னப் படங்களும் போயின. 1979-க்குப் பிறகு ஹாமர் நெடுங்காலம் படமே எடுக்கவில்லை. ஈடி லெவியை 1985-ல் அரசு ரத்து செய்தது.

பட நிறுவனமே கவிழ்ந்துகொண்டிருந்தபோது அதன் நிரந்தர விடுதிக்காரர் என்ன செய்வார்? தொலைக்காட்சிக்குப் போனார். 1978 முதல் 1983 வரை பி.பி.சி.யில் ஓடிய 'பட்டர்ஃபிளைஸ்' தொடரில் தாமஸ் என்ற கார் டிரைவர். முப்பது ஹாமர் படங்களில் கிடைக்காத ஒன்று அங்கே கிடைத்தது: வாராவாரம் ஒரே பெயரோடு ஒரே பாத்திரம்.

எதைப் பார்ப்பது

புதிதாகத் தொடங்குகிறவர்கள் 'கேப்டன் கிளெக்'கை முதலில் பார்க்கலாம், பிறகு 'தி ரெப்டைல்', கடைசியில் 'தி மம்மீஸ் ஷ்ரவுட்'. முதல் படத்தைத் தேடும்போது ஒரு விஷயம்: அது அமெரிக்காவில் 'நைட் கிரியேச்சர்ஸ்' என்ற பெயரில் வெளியானது, சில இடங்களில் அந்தப் பெயரில் தேடினால்தான் அகப்படும்.